குற்றப்பத்திரிகை போட்ட பிறகும் போலீஸ் விசாரிக்கலாமா?

2021 ஆகஸ்டில் கொடநாடு வழக்கு திரும்பவும் தலைப்புச் செய்தியானது. டீக்கடையிலிருந்து தொலைக்காட்சி விவாதம் வரை எல்லோரும் ஒன்றைத்தான் கேட்டார்கள். குற்றப்பத்திரிகை போட்டு ஆண்டுகள் ஆகிவிட்டன, ஊட்டி நீதிமன்றத்தில் சாட்சிகள் கூண்டேறிக்கொண்டிருக்கிறார்கள், இந்த நேரத்தில் போலீஸ் எந்தச் சட்டத்தை வைத்துக்கொண்டு மறுபடியும் ஆட்களைக் கூப்பிட்டு விசாரிக்கிறது? 2017 ஏப்ரலில் எஸ்டேட் காவலாளி கொல்லப்பட்டு, பங்களாவுக்குள் கொள்ளை நடந்த வழக்கு அது. ஆட்சி மாறி மூன்றே மாதத்தில் போலீஸ் அதைத் தூசி தட்டியது. சாட்சி ஒருவர் இதை நிறுத்தச் சொல்லி சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போனார். மனு தள்ளுபடி ஆனது. உச்ச நீதிமன்றமும் தலையிட மறுத்தது. அடுத்த ஆண்டு வழக்கு சி.பி.சி.ஐ.டி. கைக்குப் போய்விட்டது.

போலீஸ் காட்டிய சட்டம், பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 173(8). 2024 ஜூலை 1 முதல் அது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 193(9) ஆகியிருக்கிறது. இறுதி அறிக்கை அனுப்பிய பிறகும் மேல் விசாரணை நடத்தத் தடையில்லை, புதிய ஆதாரம் கிடைத்தால் கூடுதல் அறிக்கை தாக்கல் செய்ய வேண்டும் என்பதுதான் அதன் சாரம். சில வரிகள்தான். ஆனால் காணாமல்போன சிலைகள் கோயிலுக்குத் திரும்பியதும் அந்த வரிகளால்தான், ஆட்சி மாறும்போது வழக்குகளின் முகம் மாறுவதும் அவற்றால்தான்.

முதலில் ஸ்டேஷன் நடைமுறை. எஃப்.ஐ.ஆர். போட்டு, புலன் விசாரணை முடிந்ததும் இன்ஸ்பெக்டர் மாஜிஸ்திரேட்டுக்கு ஒரு இறுதி அறிக்கை அனுப்புவார். ஆதாரம் இருந்தால் அது குற்றப்பத்திரிகை. இல்லையென்றால் தமிழ்நாட்டில் அதற்கு ஆர்.சி.எஸ். (Referred Charge Sheet) என்று பெயர், புகார் கொடுத்தவர் வீட்டுக்கு ஒரு நோட்டீஸ் வரும். ‘பொருண்மைப் பிழை’ என்றால் புகாரில் சொன்னது நடக்கவேயில்லை என்று பொருள். ‘சிவில் தன்மை’ என்றால் போய் உரிமையியல் நீதிமன்றத்தில் பார்த்துக்கொள்ளுங்கள் என்று பொருள். மூன்றாவது வகை ‘கண்டுபிடிக்க முடியாதது’: குற்றம் நடந்தது உண்மை, செய்தவர் யாரென்று தெரியவில்லை. பெயரில் ‘இறுதி’ இருந்தாலும் இவை எதுவும் இறுதியானவை அல்ல.

கல்லிடைக்குறிச்சி குலசேகரமுடையார் கோயில் நடராஜர் இந்த மூன்றாவது வகையில் சேர்ந்தவர். 1982-ல் களவு போனார். 1984-ல் உள்ளூர் போலீஸ் வழக்கை மூடிவிட்டது. அவர் ஆஸ்திரேலியாவில் அடிலெய்டு நகர அருங்காட்சியகத்தில் நிற்கிறார் என்பது பிறகு தெரியவந்தது. புதுச்சேரி பிரெஞ்சு ஆய்வு நிறுவனத்தின் பழைய புகைப்படங்களோடு ஒப்பிட்டு, சிலை தடுப்புப் பிரிவு மூடிய வழக்கைத் திறந்தது. 2019 செப்டம்பரில் நடராஜர் ஊர் திரும்பினார். மூடியது மூடியதுதான் என்று சட்டம் சொல்லியிருந்தால் அவர் இன்னும் அடிலெய்டில்தான் இருந்திருப்பார்.

இந்த அதிகாரம் 1973-ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் திடீரென்று முளைத்ததல்ல. அதற்கு முன்பிருந்த 1898-ஆம் ஆண்டுச் சட்டம் இதைப் பற்றி வாய் திறக்கவில்லை. அந்த மௌனத்தை ஒவ்வொரு உயர் நீதிமன்றமும் ஒவ்வொரு விதமாகப் படித்தது. முதலில் தெளிவாகப் பேசியவற்றில் ஒன்று சென்னை உயர் நீதிமன்றம். 1919-ல் ஒரு வழக்கில், ஒரு குற்றத்தைப் பற்றி இத்தனை புலன் விசாரணைதான் நடத்தலாம் என்று சட்டத்தில் வரம்பில்லை, ஒன்று முடிந்த பின் புதிய தகவல் வந்தால் இன்னொன்றைத் தொடங்கலாம் என்று இரண்டு வரியில் முடித்துவிட்டது. வேறு சில நீதிமன்றங்கள் அறிக்கை போன பின் போலீஸ் வழக்கைத் தொடக்கூடாது என்றன. இந்தக் குழப்பத்தைத் தீர்க்கத்தான் 1969-ல் சட்ட ஆணையம் தன் 41-ஆவது அறிக்கையில், போலீசின் இந்த உரிமையை வெளிப்படையாக எழுதிவிடுங்கள், புதிய அறிக்கையின் நகலைக் குற்றம் சாட்டப்பட்டவருக்கும் கொடுங்கள் என்றது. அப்படி வந்ததுதான் 173(8).

இதை இன்றுவரை ஆளும் தீர்ப்பு 1979-ல் வந்த ராம் லால் நாரங் வழக்கு. அதுவும் ஒரு கோயில் கலைப்பொருள் திருட்டுதான் என்பது தற்செயல். ஆனால் அந்தக் கதையைத் தெரிந்துகொள்ளாமல் தீர்ப்பின் நியாயம் பிடிபடாது.

அரியானாவில் குருக்ஷேத்திரம் பக்கம் அமீன் என்றொரு கிராமம். அங்குள்ள சூரஜ் குண்ட் கோயிலில் கி.மு. 2-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த, சுங்கர் காலத்து மணற்கல் தூண்கள் இரண்டு இருந்தன. வெளிநாட்டுச் சந்தையில் ஐந்து லட்சம் டாலர் பெறும் என்று பிற்பாடு மதிப்பிட்டார்கள். 1967-ல் தூண்கள் திருடு போயின. அடுத்த சில வாரங்களில் போலீஸ் அவற்றை மீட்டு, மூன்று பேர் மீது குற்றப்பத்திரிகை போட்டது. தூண்கள் வழக்குச் சொத்தாகக் கர்னால் நீதிமன்றத்தின் பொறுப்பில் இருந்தன.

1968 மார்ச்சில் ஒருவர் அந்த நீதிமன்றத்தில் மனு போட்டார். தான் ஒரு ஆராய்ச்சியாளர், தூண்களை நிதானமாக ஆராய வேண்டும், கொஞ்ச நாள் என்னிடம் கொடுங்கள் என்றார். கர்னாலின் தலைமைக் குற்றவியல் நடுவர் அவருக்கு நண்பர். அந்த நடுவர் சொன்னதன் பேரில், வழக்கை வைத்திருந்த மாஜிஸ்திரேட் வெறும் 2,000 ரூபாய் சொந்தப் பிணையில் தூண்களைத் தூக்கிக் கொடுத்துவிட்டார் என்கிறது வழக்கு வரலாறு. மே மாத இறுதியில் தூண்கள் திரும்பி வந்தன. திருட்டு வழக்கில் எல்லோரும் விடுதலை. தூண்கள் கிராமத்திடம் ஒப்படைக்கப்பட்டன.

வந்தவை போலிகள் என்பது பிறகுதான் தெரிந்தது. நீதிமன்றத்தின் பொறுப்பில் இருந்த பொருளை, நீதிமன்ற உத்தரவை வாங்கியே மாற்றியிருக்கிறார்கள். 1971-ல் சி.பி.ஐ. வழக்குப் பதிந்து, அந்த ‘ஆராய்ச்சியாளர்’ மீதும் நடுவர் மீதும் அம்பாலா நீதிமன்றத்தில் குற்றப்பத்திரிகை போட்டது. அசல் தூண்கள் எங்கே என்று அப்போதும் தெரியாது. 1976-ல் அவை லண்டனில் இருப்பது வெளியானது. இதற்குப் பின்னால் பெரிய சதி இருக்கிறது, நாரங் சகோதரர்கள் சம்பந்தப்பட்டிருக்கிறார்கள் என்று டெல்லியில் புதிய வழக்கும் புதிய குற்றப்பத்திரிகையும் வந்தன. அம்பாலா வழக்கு வாபஸ் பெறப்பட்டது.

அம்பாலா நீதிமன்றம் வழக்கைக் கோப்பில் எடுத்துக்கொண்ட நொடியிலேயே போலீசின் அதிகாரம் தீர்ந்துவிட்டது என்று வாதிட்டார்கள் சகோதரர்கள். நீதிபதி சின்னப்ப ரெட்டி எழுதிய தீர்ப்பு அதை ஏற்கவில்லை. அசல் தூண் லண்டனில் அகப்பட்ட பிறகும், நாங்கள்தான் ஏற்கெனவே அறிக்கை கொடுத்துவிட்டோமே என்று போலீஸ் கைகட்டி நிற்க முடியுமா? ஆனால் அதே தீர்ப்பு இன்னொன்றும் சொன்னது. வழக்கு நீதிமன்றத்தின் கையில் இருக்கும்போது, போலீஸ் அதற்குத் தகவல் சொல்லி, முறைப்படி அனுமதி கேட்பதே சாதாரணமாக நல்லது என்றது. நல்லது என்று சொன்னதே தவிர, கட்டாயம் என்று சொல்லவில்லை. பின்னால் வந்த பாதி வழக்குகள் இந்த இடைவெளியில் பிறந்தவைதான் என்பேன்.

அடுத்து கவனிக்க வேண்டியது மேல் விசாரணைக்கும் மறு விசாரணைக்கும் உள்ள தூரம். கொடநாடு விஷயத்தில் பல பத்திரிகைகள் இரண்டையும் கலந்துகட்டி எழுதின. மேல் விசாரணையில் முதல் அறிக்கை உயிரோடு இருக்கும். அதோடு புதியது சேரும். மறு விசாரணை என்றால் பழையதைத் துடைத்துவிட்டுப் புதிதாகத் தொடங்குவது. அந்த அதிகாரம் போலீசுக்கும் இல்லை, மாஜிஸ்திரேட்டுக்கும் இல்லை. உயர் நீதிமன்றமும் உச்ச நீதிமன்றமும் மட்டும், அதுவும் அபூர்வமாக, உத்தரவிடலாம்.

இதை நெற்றியில் அடித்தாற்போலச் சொன்ன வழக்கு இஸ்ரோ உளவு வழக்கு. நாகர்கோவில்காரரான விஞ்ஞானி நம்பி நாராயணன் 1994-ல் கேரளப் போலீசால் கைது செய்யப்பட்ட கதை இங்கே பலருக்கும் தெரியும். வழக்கு சி.பி.ஐ.க்குப் போனது, குற்றச்சாட்டே பொய் என்று 1996-ல் சி.பி.ஐ. அறிக்கை கொடுத்தது, நீதிமன்றம் ஏற்றுக்கொண்டு எல்லோரையும் விடுவித்தது. அதற்குப் பிறகு நடந்தது அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. அதே ஆண்டு கேரளத்தில் ஆட்சி மாறியது. புதிய அரசு சி.பி.ஐ.க்குக் கொடுத்திருந்த இசைவை ஜூனில் வாபஸ் வாங்கி, மாநிலப் போலீசே மேல் விசாரணை நடத்தும் என்று அறிவித்தது. உயர் நீதிமன்றம் அதைத் தடுக்கவில்லை. 1998-ல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. மேல் விசாரணை என்பது முந்தைய விசாரணையின் தொடர்ச்சி, அதைத் தொடங்கிய அமைப்பே தொடர வேண்டும், ஒருவர் முடித்ததை இன்னொருவர் முதலிலிருந்து புரட்டுவதற்கு இந்தப் பிரிவைப் பயன்படுத்த முடியாது என்றது. 2018-ல் நம்பி நாராயணனுக்கு 50 லட்சம் ரூபாய் இழப்பீடு தரச் சொன்னதும் அதே நீதிமன்றம்தான்.

அப்படியானால் ஒரே வழக்கில் ஒன்றுக்கொன்று முரணான இரண்டு அறிக்கைகள் வந்தால்? டெல்லியில் வந்தன. டெல்லி போலீஸ் சிறப்புப் பிரிவு இருவரைத் தீவிரவாதிகள் என்றது. உயர் நீதிமன்றம் சொல்லி விசாரித்த சி.பி.ஐ., இல்லை என்று வழக்கை முடிக்கச் சொன்னது. வினய் தியாகி வழக்கு என்று அறியப்படும் அதில் 2012 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் சொன்னது இது: உயர் நீதிமன்றம் முதல் அறிக்கையை வெளிப்படையாக ரத்து செய்யாதவரை, விசாரணை நீதிமன்றம் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படித்தே முடிவெடுக்க வேண்டும். கடைசியாக வந்த அறிக்கைதான் செல்லும் என்ற நினைப்பு தவறு.

இந்த விதியைத் தமிழ்நாட்டு அரசியலோடு பொருத்திப் பாருங்கள். கே.கே.எஸ்.எஸ்.ஆர். ராமச்சந்திரன், தங்கம் தென்னரசு இருவர் மீதும் அ.தி.மு.க. ஆட்சியில் லஞ்ச ஒழிப்புத் துறை சொத்துக் குவிப்பு வழக்குப் போட்டு, குற்றப்பத்திரிகையும் தாக்கல் செய்தது. 2021-ல் அவர்கள் அமைச்சர்கள் ஆனார்கள். அதே துறை மேல் விசாரணை நடத்தி, வழக்குக்கு முகாந்திரம் இல்லை என்று அறிக்கை கொடுத்தது. திருவில்லிபுத்தூர் சிறப்பு நீதிமன்றம் இருவரையும் விடுவித்தது. 2023 ஆகஸ்டில் சென்னை உயர் நீதிமன்ற நீதிபதி என். ஆனந்த் வெங்கடேஷ் தாமாக முன்வந்து இந்த விடுவிப்புகளைக் கையில் எடுத்தார். ஓராண்டு கழித்து அவற்றை ரத்து செய்து, பின்னால் வந்த அறிக்கையையும் முதல் குற்றப்பத்திரிகையோடு சேர்த்தே பார்க்க வேண்டும் என்றார். 2024 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் அதற்கு இடைக்காலத் தடை விதித்தது. குற்றம் செய்தார்களா இல்லையா என்பது வேறு விஷயம். ஒரே துறை, ஒரே ஃபைல், ஒரே வங்கிக் கணக்குகள். ஆட்சிக்கு ஆட்சி கணக்கு மட்டும் மாறுவது எப்படி என்பதுதான் நாம் கேட்க வேண்டியது. கொடநாட்டில் ஆட்சி மாறியதும் மேல் விசாரணை வேகம் பிடித்ததைப் பாராட்டியவர்கள், இங்கே அதே கத்தி மறுபக்கம் வெட்டியதையும் பார்க்க வேண்டும். எதிர்த்தரப்புக்கும் இதையேதான் சொல்வேன்.

மாஜிஸ்திரேட்டின் இடம் எது? நெடுங்காலம் நீதிமன்றங்களே இதில் தடுமாறின. குற்றப்பத்திரிகையைத் தாக்கல் செய் என்று போலீசுக்கு உத்தரவிட மாஜிஸ்திரேட்டால் முடியாது. இது 1968-லேயே முடிவானது. ஆனால் போலீஸ் வழக்கை மூடச் சொன்னால் அதை ஏற்காமல், இருக்கும் ஆதாரத்தை வைத்தே வழக்கைத் தொடரலாம். ஆருஷி கொலை வழக்கில் 2011-ல் நடந்தது அதுதான்: சி.பி.ஐ. முடித்துவிடச் சொல்லிக் கொடுத்த அறிக்கையை வைத்தே நீதிமன்றம் பெற்றோருக்குச் சம்மன் அனுப்பியது. பின்னர் 2017-ல் அலகாபாத் உயர் நீதிமன்றம் அவர்களை விடுவித்துவிட்டது. இன்னொரு வழி, போதாது, மேலும் விசாரி என்று திருப்பி அனுப்புவது. வழக்கைக் கோப்பில் எடுத்த பிறகு அப்படித் தாமாக உத்தரவிட முடியாது என்று 2017-ல் ஒரு அமர்வு சொன்னது. 2019-ல் வினுபாய் மாளவியா வழக்கில் மூன்று நீதிபதிகள் அதை மாற்றி, குற்றச்சாட்டு வனையப்பட்டு (அதாவது, எந்தக் குற்றத்துக்காக வழக்கு நடக்கும் என்று நீதிமன்றம் முறைப்படி பதிவு செய்து) வழக்கு விசாரணை தொடங்கும்வரை மாஜிஸ்திரேட்டுக்கு அந்த அதிகாரம் உண்டு என்றார்கள். நேர்மையான விசாரணை கிடைப்பது அரசமைப்புச் சட்டத்தின் 21-ஆவது பிரிவு தரும் உரிமை என்பதுதான் அவர்கள் காட்டிய காரணம்.

நீதிமன்றம் இடம் கொடுக்காவிட்டால் வழக்கு எப்படிப் புதைந்துபோகும் என்பதற்கு கோட்டயம் அருட்சகோதரி அபயா வழக்கைப் பார்த்தால் போதும். 1992 மார்ச்சில் அவர் உடல் கான்வென்ட் கிணற்றில் கிடந்தது. உள்ளூர் போலீசும் கிரைம் பிராஞ்சும் தற்கொலை என்றன. 1993-ல் வழக்கை எடுத்த சி.பி.ஐ., 1996, 1999, 2005 என மூன்று தடவை முடித்துவைக்கக் கேட்டது. ஒரு கட்டத்தில் கொலைதான், ஆனால் செய்தவரைக் கண்டுபிடிக்க முடியவில்லை என்றது. எர்ணாகுளம் நீதிமன்றம் ஒவ்வொரு தடவையும் மறுத்து, போய் விசாரி என்றது. 2008-ல் கைதுகள், 2020 டிசம்பரில் இருவருக்கு ஆயுள் தண்டனை. 2022-ல் கேரள உயர் நீதிமன்றம் தண்டனையை நிறுத்திவைத்து ஜாமீன் கொடுத்திருக்கிறது. ஆகவே கடைசி வார்த்தை என்று இதையும் சொல்ல முடியாது. ஆனால் அந்த மூன்று மறுப்புகளில் ஒன்று தவறியிருந்தாலும் வழக்கு 28 ஆண்டுகளைத் தாண்டித் தீர்ப்பு வரை வந்திருக்காது.

சி.பி.ஐ.யின் முடிப்பு அறிக்கையை நீதிமன்றம் ஏற்றுக்கொண்ட பிறகும் மேல் விசாரணை நடத்தலாம், முந்தைய ஏற்பு உத்தரவை முதலில் ரத்து செய்ய வேண்டிய அவசியம்கூட இல்லை என்று 2023-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன ஒரு சொத்துக் குவிப்பு வழக்கு அது. தீர்ப்பு வந்து விடுதலையான பிறகு மட்டும் கதவு அடைபடுகிறது. ஒரே குற்றத்துக்கு இரண்டாம் முறை வழக்கு நடத்த குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 300-ஆவது பிரிவு (புதிய சட்டத்தில் 337) விடாது.

இனி குற்றம் சாட்டப்பட்டவரின் பக்கம். சிறையில் இருப்பவருக்கு, குற்றத்தின் கனத்தைப் பொறுத்து 60 அல்லது 90 நாளில் குற்றப்பத்திரிகை வராவிட்டால் ஜாமீன் உரிமையாகவே கிடைக்கும். கெடு நெருங்கும்போது அரைகுறையாக ஒரு குற்றப்பத்திரிகையைப் போட்டு, கடைசிப் பத்தியில் ‘மேல் விசாரணை நிலுவையில் உள்ளது’ என்று எழுதிவிடுவது பழக்கமாகிவிட்டது. விசாரணை நீதிமன்ற வழக்கறிஞர் எவரைக் கேட்டாலும் அந்தப் பத்தியை மனப்பாடமாகச் சொல்வார். சென்னை எழும்பூர் நீதிமன்றத்தில் தொடங்கிய தினேஷ் டால்மியா வழக்கில் 2007-ல் உச்ச நீதிமன்றம், குற்றப்பத்திரிகை வந்துவிட்டது, ஆகவே அந்த உரிமை இல்லை என்றது. 2023 ஏப்ரலில் ரீத்து சாப்ரியா வழக்கில் இரு நீதிபதிகள், முடியாத விசாரணைக்கு முடிந்த வேஷம் போட்டு ஜாமீனைப் பறிக்கக்கூடாது என்ற நிலையை எடுத்தார்கள். ஒரு வாரம்கூட ஆகவில்லை. அந்தத் தீர்ப்பை வைத்து வரும் மனுக்களைத் தள்ளிவைக்கும்படி உச்ச நீதிமன்றமே சொன்னது. 2024 ஜனவரியில் வாத்வான் வழக்கில் பழைய நிலைப்பாடு திரும்பியது. என் பார்வையில் சாப்ரியா தீர்ப்பின் நியாயமே வலுவானது. உண்மையைத் தேடக் கொடுத்த அதிகாரத்தை ஆளை உள்ளேயே வைத்திருக்கும் சாவியாக மாற்ற இந்தப் பிரிவு எழுதப்படவில்லை.

புதிய சட்டம் என்ன செய்திருக்கிறது? 193(9)-இல் ஒரு நிபந்தனை சேர்ந்திருக்கிறது. வழக்கு விசாரணை நடக்கும்போது மேல் விசாரணை நடத்துவதாக இருந்தால் அந்த நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும். 90 நாளில் முடிக்க வேண்டும். நீதிமன்றம் சம்மதித்தால் நீட்டிக்கலாம். 1979-இல் ‘நல்லது’ என்று விட்டதை 45 ஆண்டு கழித்துச் சட்டத்தில் எழுதியிருக்கிறார்கள். கொடநாடு போன்ற ஒரு மேல் விசாரணையை இன்று தொடங்கினால் தகவல் சொல்வதோடு போலீஸ் நிறுத்த முடியாது. ஆனால் நிபந்தனை வழக்கு விசாரணைக் கட்டத்துக்கு மட்டும்தான். குற்றப்பத்திரிகைக்கும் குற்றச்சாட்டு வனைவதற்கும் நடுவே தமிழ்நாட்டில் ஆண்டுக்கணக்கில் ஓடும் வழக்குகள் உண்டு. அந்தக் காலத்துக்கும், மூடிய வழக்குகளுக்கும் சட்டம் பழையபடி மௌனம்தான். அமைச்சர்கள் வழக்கில் நடந்ததுபோல விடுவிப்பு மனு நிலுவையில் இருக்கும்போது நடக்கும் மேல் விசாரணையை இந்தப் புதிய வரி தொடாது. அனுமதியையும் 90 நாள் கெடுவையும் குற்றப்பத்திரிகை போட்ட நாளிலிருந்தே கட்டாயமாக்கியிருக்க வேண்டும்.

புகார் கொடுத்தவருக்கு இதில் நேரடியாக உதவுவது இன்னொரு தீர்ப்பு. 1985-ல் பகவந்த் சிங் வழக்கில், போலீஸ் வழக்கை மூடச் சொன்னால் மாஜிஸ்திரேட் முதலில் புகார்தாரருக்கு நோட்டீஸ் கொடுத்து அவர் சொல்வதைக் கேட்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. புதிய சட்டத்தில் விசாரணை எந்த நிலையில் இருக்கிறது என்பதை 90 நாளுக்குள் புகார்தாரருக்கோ பாதிக்கப்பட்டவருக்கோ போலீஸ் தெரிவிக்க வேண்டும் என்றும் எழுதியிருக்கிறார்கள். ஆகவே ஆர்.சி.எஸ். நோட்டீஸ் வந்தால் கையெழுத்துப் போட்டு வாங்கிப் பெட்டியில் வைத்துவிடாதீர்கள். அறிக்கையின் நகலையும் சாட்சி வாக்குமூலங்களையும் கேட்டு வாங்குங்கள். ஆட்சேபனை மனுவில் போலீஸ் சரியாக விசாரிக்கவில்லை என்று பொத்தாம்பொதுவாக எழுதினால் பெரும்பாலும் தள்ளுபடிதான். எந்தச் சாட்சியைக் கூப்பிடவில்லை, எந்த கேமரா பதிவை எடுக்கவில்லை, எந்த எண்ணின் அழைப்பு விவரத்தை வாங்கவில்லை என்று ஒவ்வொன்றாக எழுதிக் கொடுங்கள். மேல் விசாரணைக்கு உத்தரவிட நினைக்கும் மாஜிஸ்திரேட் தன் உத்தரவில் காரணமாகக் காட்டப்போவது அந்தப் பட்டியலைத்தான்.